உங்கள் கொல்லை மண்ணுக்கு என்ன நடந்தது?

வாசகர் கேள்வி – பதில்
(பதில் தருபவர், தோட்ட மண் பரிசோதனைக் கூடத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். பத்தாங் பெர்ஜுந்தையில் வசிக்கிறார்.)

கேள்வி: பெஸ்தாரி ஜெயாவில் புதுத் தாமானில் வீடு வாங்கி வந்திருக்கிறோம். பின்பக்கம் கொஞ்சம் இடம் இருக்கிறது. மிளகாய், கத்தரி, முருங்கை, எதை வைத்தாலும் ஒரு மாதத்தில் மஞ்சளடித்துச் சாகிறது. மண் வெள்ளை மணலாக இருக்கிறது, ஊற்றுகிற தண்ணீர் நிற்பதில்லை. உனக்குக் கைராசி இல்லை என்கிறார் மாமியார். அப்படித்தானா அக்கா?
— வாசகி, பெஸ்தாரி ஜெயா

கைராசிக்கும் இதற்கும் சம்பந்தமே இல்லை, தங்கச்சி. நான் சொன்னதாகவே மாமியாரிடம் சொல்லுங்கள். நீங்கள் கேட்டிருக்கும் இடம் எனக்குத் தெரியும். ஊர் பத்தாங் பெர்ஜுந்தை என்ற பழைய பெயரில் இருந்த காலத்தில், அந்தப் பக்கம் முழுக்க ஈயம் (வெள்ளீயம், tin) தோண்டிய நிலம். உங்கள் வீட்டுக்குக் கீழே இருப்பதை மண் என்று சொல்வதே தப்பு. ஈயத்தை எடுத்துக்கொண்ட பிறகு கழித்துக் கொட்டிய மிச்சம் அது.

ஈயக் கப்பலைப் பார்த்தவர்கள் இப்போது குறைந்துவிட்டார்கள், அதனால் கொஞ்சம் விளக்கமாகச் சொல்கிறேன். அது கடலில் போகிற கப்பல் இல்லை. தானே தோண்டிய குட்டையில் மிதக்கும். முன்பக்கம் சங்கிலியில் கோத்த இரும்பு வாளிகள் வரிசையாக இறங்கி அடியிலிருந்து மண்ணை அள்ளி வரும். சில கப்பல்கள் 100 அடிக்கும் கீழே போய் அள்ளின. உள்ளே அந்த மண்ணைத் தண்ணீர் விட்டுக் கழுவுவார்கள். ஈயத் தாது சாதாரண மணலைவிட இரண்டரை மடங்குக்கு மேல் கனம், அதனால் அது அடியில் தங்கிவிடும். மற்றதெல்லாம் பின்பக்கமாக வெளியே போகும். முன்னால் தோண்டிப் பின்னால் தூர்த்து, குட்டையையும் கூட்டிக்கொண்டே கப்பல் நகரும். மலாயாவில் இந்த வகைக் கப்பல் 1913-ல் கிந்தா பள்ளத்தாக்கில் வேலையைத் தொடங்கியது. அதற்கு முன்னால் சீனத் தொழிலாளிகள் மண்வெட்டியும் கூடையும் வைத்துத் தோண்டினார்கள். 1904-ல் உலகத்து ஈயத்தில் பாதிக்கு மேல் மலாயாவிலிருந்து போனது என்றால், எவ்வளவு மண்ணைப் புரட்டியிருப்பார்கள் என்று நீங்களே யோசித்துக்கொள்ளுங்கள்.

உங்கள் செடி சாவதற்குக் காரணம் அந்தக் கழுவல்தான். வெளியே தள்ளும்போது கனமான மணல் பக்கத்திலேயே விழுந்துவிடும். களி லேசானது, தண்ணீரோடு தூரமாகப் போய் வேறு குட்டையில் சேறாகப் படியும். இலை தழை மக்கிச் சேர்ந்திருந்த மேல்மண், எத்தனையோ நூறு வருஷத்துக் காட்டின் சேமிப்பு, மணலுக்கு அடியில் எங்கோ புதைந்துபோகும், இல்லையென்றால் ஆற்றோடு போகும். உரத்தைப் பிடித்து வைப்பது களியும் மக்கும்தான். உங்களிடம் இரண்டும் இல்லை. நீங்கள் போடுகிற உரம் அடுத்த மழையிலேயே கீழே இறங்கிவிடுகிறது.

ஆற்றோடு போன மண் என்ன ஆனது என்று பார்க்க வேண்டுமானால், நம் சிலாங்கூர் ஆற்றையே மேலே பிடித்துக்கொண்டு கோலாகுபு வரை போங்கள். அங்கே மேற்புறத்துச் சுரங்கங்களிலிருந்து வந்த வண்டல் படிந்து படிந்து ஆற்றின் தரை உயர்ந்துகொண்டே போனது. ஊருக்குள் வெள்ளம் வராத வருஷம் குறைவு. கடைசியில் 1930 வாக்கில் பட்டணத்தையே பெயர்த்து மேட்டுக்குக் கொண்டுபோனார்கள். இன்றைக்கு நாம் பார்க்கிற கோலாகுபு பாரு அப்படி வந்த ஊர். பழைய ஊரை மூடிய அதே ஆறுதான் நம் ஊர்ப் பக்கமும் ஓடி வருகிறது.

சரி, உங்கள் செடிக்கு வருவோம். மணலைத் திருத்த முயற்சி பண்ணாதீர்கள், அதற்கு மேலே மண் கட்டுங்கள். செங்கல்லோ பலகையோ வைத்து முழங்கால் உயரத்துக்குப் பாத்தி கட்டி, மேட்டுச் செம்மண்ணோடு நன்றாக மக்கிய கோழி எருவை அளவாகக் கலந்து நிரப்புங்கள், அடியில் செம்பனை ஆலையில் பழம் உதிர்த்த பிறகு மிஞ்சும் வெறும் குலை. அந்தக் குலையில் பொட்டாஷ் நிறைய இருக்கிறது, லாரிக்காரரிடம் கேட்டால் கொடுப்பார்கள். உரத்தை ஒரேயடியாகக் கொட்டாமல் வாரம் கொஞ்சமாகப் போடுங்கள். மேலே காய்ந்த புல் பரப்பி வையுங்கள். நேரே மணலில் வைத்தே ஆகவேண்டும் என்றால் கொய்யா வையுங்கள். பீடோர், தாப்பா பக்கம் பழைய ஈய நிலத்தில் கொய்யா போட்டு நன்றாகவே எடுக்கிறார்கள். பல வருஷம் எருவாகப் போட்டுப் போட்டு எடுத்த விளைச்சல் அது. இன்னொன்று, ஈய நிலத்தில் சில இடங்களில் ஆர்சனிக் என்ற நஞ்சு கூடுதலாக இருக்கும். கீரை போடுவதற்கு முன் ஒரு தடவை பரிசோதனை செய்துவிடுங்கள்.

கேள்வி: நான் பழைய ஸ்டோர் கிராணி. கன்று நடும்போது குழியில் போட ஒரு பழுப்புத் தூள் வரும். மூட்டையில் கிறிஸ்மஸ் தீவு பாஸ்பேட் என்று இருக்கும். எத்தனை மூட்டை வந்தது, போனது என்று எழுதியே என் கை தேய்ந்தது. ஆனால் அந்தத் தீவு எங்கே இருக்கிறது, நமக்கு ஏன் அங்கிருந்து வந்தது என்று யாரும் சொல்லவில்லை.
— வாசகர், ஈஜோக்

ஜாவாவுக்குத் தெற்கே இந்தியப் பெருங்கடலில் இருக்கிற சின்னத் தீவு, ஐயா. 1888-ல் பிரிட்டிஷார் அதைத் தங்களுடையது என்று அறிவித்தார்கள். அதற்குக் காரணமே அங்கே கிடந்த பாஸ்பேட்தான். 1890-களின் கடைசியில் கம்பெனி வைத்துத் தோண்ட ஆரம்பித்தார்கள். தோண்டியவர்கள் பெரும்பாலும் சீனக் கூலிகள், பின்னால் மலாய்க்காரர்களும் போனார்கள். நிர்வாகம் சிங்கப்பூரிலிருந்து நடந்தது. 1958-ல் ஆஸ்திரேலியாவின் கைக்கு மாறியது.

நமக்கு ஏன் வந்தது? நம் செம்மண்ணில் இரும்பும் அலுமினியமும் அதிகம். இருக்கிற பாஸ்பரஸை அவை இறுக்கிப் பிடித்துக்கொள்ளும், வேருக்கு விடாது. அதோடு நம் மண் புளிப்பு. இந்தப் பாறைத் தூள் புளிப்பு மண்ணில்தான் மெல்ல மெல்லக் கரையும். மரத்துக்கும் அந்த வேகம் போதும். அதனால்தான் ரப்பருக்கும் செம்பனைக்கும் குழிக்குள் அதைப் போட்டார்கள். ஒரு தீவின் மண்ணைச் சுரண்டி, காட்டை அழித்த இன்னொரு நாட்டு மண்ணுக்குப் போட்டு, அதில் வந்த பாலை லண்டனுக்கு ஏற்றினார்கள். உங்கள் பேரேட்டில் நீங்கள் எழுதியது அந்தக் கணக்கின் நடுப்பக்கம். பாஸ்பரஸ் மண்ணில் லேசில் நகராது. மரத்தை வெட்டிப் பல வருஷம் ஆன பிறகும், நடவுக் குழி இருந்த இடத்திலும் இரண்டு குழிக்கு நடுவிலும் தனித்தனியாக மண் எடுத்தால் வித்தியாசம் தெரியும். அதை நான் பரிசோதனைக் கூடத்தில் பார்த்திருக்கிறேன். உங்கள் மூட்டை இன்னும் அங்கேதான் இருக்கிறது, ஐயா.

கேள்வி: எங்கள் தாத்தா வெள்ளைக்காரத் துரை காலத்துத் தோட்டத்தைப் பற்றிப் பெருமையாகச் சொல்வார். நிரைக்கு நடுவே ஒரு புல் இருக்காதாம், மண் பளிச்சென்று தெரியுமாம். இப்போது தோட்டத்துக்குள் போனால் கொடியும் புதருமாகக் கிடக்கிறது. அந்த ஒழுங்கு இப்போது இல்லையே?
— வாசகர், புக்கிட் ரோத்தான்

உங்கள் தாத்தா சொன்னது உண்மை. மண் பளிச்சென்றுதான் இருந்தது. ஆனால் அதை ஒழுங்கு என்று சொல்ல எனக்கு மனசு வரவில்லை. இந்த நாட்டு மேட்டு நிலத்துக்கு நடந்த பெரிய அழிவு அது.

ரப்பர் இங்கே எப்படி வந்தது என்று பள்ளிக்கூடத்தில் படித்திருப்பீர்கள். 1876-ல் ஹென்றி விக்காம் பிரேசிலிலிருந்து கொண்டுபோன சுமார் 70,000 விதைகள், அதில் முளைத்தவற்றிலிருந்து 1877-ல் சிங்கப்பூருக்கு வந்த 22 கன்றுகள், 1896-ல் மலாக்கா புக்கிட் லிந்தாங்கில் டான் சாய் யான் போட்ட முதல் வணிகத் தோட்டம். அமேசான் காட்டில் அந்த மரம் மற்ற மரங்களோடு கலந்து, இலைச் சருகு மூடிய மண்ணில் வளர்ந்தது. இங்கே காட்டை வெட்டி, காயவைத்து, நெருப்பு வைத்து, வரிசையாக ரப்பரை மட்டும் நட்டார்கள். நட்டுவிட்டு நடுவில் ஒரு புல் முளைத்தாலும் பிடுங்கச் சொன்னார்கள். புல் உரத்தைத் தின்றுவிடும் என்பது துரைமார் கணக்கு. லாலான் புல்லுக்கு அவர்கள் பயந்ததில் நியாயம் இருந்தது, அது புகுந்தால் இளங்கன்று எழாது. ஆனால் அந்த ஒரு புல்லுக்காக எல்லாவற்றையும் வழித்தார்கள்.

நம் ஊர் மழை எப்படிப் பெய்யும் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. மத்தியானம் மூன்று மணிக்கு இருட்டிக்கொண்டு வந்து ஒரு மணி நேரம் கொட்டும். மூடாக்கு இல்லாத சரிவில் அந்த மழை விழுந்தால் முதலில் போவது மேலே இருக்கிற கறுப்பு மண். மக்கும் ஊட்டமும் எல்லாம் அந்த மேலடுக்கில்தான். அது போன பிறகு அடியிலிருக்கிற மஞ்சளும் சிவப்புமான மண் வெளியே வரும். உங்கள் தாத்தா பளிச்சென்று பார்த்தது அதைத்தான்.

இதை நீங்களே கண்ணால் பார்க்கலாம். சரிவான இடத்தில் வயதான ஒட்டு ரப்பர் மரம் இன்னும் நிற்கிறதா என்று தேடுங்கள். ஒட்டுக் கட்டிய இடத்தில் மரம் யானைக்கால் போலத் தடித்திருக்கும். நடும்போது அந்தத் தடிப்பு தரையை ஒட்டி இருக்கும். இப்போது குனிந்து பாருங்கள். பல மரங்களில் அது ஒரு சாண் மேலே நிற்கும், பக்க வேர்கள் வெளியே தெரியும், வேருக்கு அடியில் கை நுழையும். வேரின் மேல்தோல் மரப்பட்டை மாதிரியே தடித்துப் போயிருக்கும், ஏனென்றால் பல வருஷமாக அது வெயிலில் கிடக்கிறது. மரத்தின் மேற்புறத்தில் மண் கொஞ்சம் தேங்கி மேடாகவும், கீழ்ப்புறத்தில் பள்ளமாகவும் இருக்கும். அந்தத் தடிப்பிலிருந்து இன்றைய தரை வரைக்கும் அளந்தால் போன மண்ணின் அளவு வந்துவிடும். எந்தக் கம்பெனியின் ஆண்டறிக்கையிலும் இந்த அளவை நான் பார்த்ததில்லை. பால் எத்தனை பவுண்டு என்பது மட்டும் இருக்கும்.

அந்தப் புல்லைப் பிடுங்கியது யார் என்பதும் இதில் சேர்த்தி. திருச்சி, தஞ்சாவூர், சேலம் பக்கமிருந்து கங்காணி கூட்டிவந்த நம் பெண்கள்தான். 1920-களின் கடைசியில் நல்ல வசதியான பகுதித் தோட்டங்களில் ஒரு நாள் கூலி ஆணுக்கு 50 காசு, பெண்ணுக்கு 40 காசு என்று நிர்ணயித்தார்கள். மண்ணை மூடியிருந்ததை எடுக்க அந்த 40 காசு. பிறகு மண் கரைகிறது என்று தெரிந்து, சரிவில் மேடை வெட்டவும், வண்டல் தேங்கக் குழி தோண்டவும் அதே கைகளுக்கு இன்னொரு கூலி. அவர்கள் ஊரிலே காவேரிக் கரையில் வண்டலை வரவேற்று விவசாயம் பண்ணியவர்கள். புல்லைச் சுரண்டினால் மண் போகும் என்று அவர்களில் யாருக்கும் தெரியாமல் இருந்திருக்காது. அவர்களை யாரும் கேட்கவில்லை.

நீங்கள் இப்போது பார்க்கிற கொடி தானாக வந்த புதர் இல்லை, ஐயா. பியூராரியா, கலோபோகோனியம், சென்ட்ரோசீமா என்ற பயறு வகைக் கொடிகளை வேண்டுமென்றே விதைக்கிறார்கள். மழையின் அடியைத் தாங்கும், காற்றிலிருந்து நைட்ரஜனை எடுத்து மண்ணில் சேர்க்கும், இலை உதிர்ந்து மக்கும். 1925-ல் ரப்பர் ஆராய்ச்சிக் கழகம் வந்த பிறகு இந்தப் பழக்கம் மெல்லப் பரவியது. அதற்குள் முதல் தலைமுறைத் தோட்டங்களின் மேல்மண்ணில் பெரும்பங்கு ஆற்றுக்குப் போய்விட்டது. செம்பனையிலும் இதே கொடிதான். நம் ஊருக்குப் பக்கத்தில் தென்னமரம் தோட்டத்தில் 1917-ல் ஹென்றி ஃபொக்கோனியே நாட்டின் முதல் வணிகச் செம்பனையைப் போட்டார். அப்போதிருந்து ஒரு சுற்று, மறு சுற்று என்று இந்தப் பக்க மண் குலை கொடுத்துக்கொண்டே இருக்கிறது. கொடியைப் பார்த்து வருத்தப்படாதீர்கள். கொடி இல்லாத சரிவைப் பார்த்தால் எனக்கு எழுதுங்கள்.

கேள்வி: நான் படிவம் 4 மாணவி. எங்கள் பள்ளிக்குப் பின்னால் பழைய தோட்டத்து நிலம் இருக்கிறது. வரலாறு பாடத்துக்கு மண்ணை வைத்து ஏதாவது செய்யலாமா?
— மாணவி, கோலசிலாங்கூர்

தாராளமாகச் செய்யலாம், கண்ணு. முதலில் நிலத்துக்காரரிடம் அனுமதி கேளுங்கள், ஆசிரியர் கூட இருக்கட்டும். இடுப்பளவு ஆழத்துக்குக் குழி வெட்டி, ஒரு பக்கச் சுவரை மட்டும் கத்தியால் நேராகச் சீவிவிடுங்கள். வெயில் படுகிற பக்கமாக இருந்தால் நிறம் நன்றாகத் தெரியும்.

மேல்கறுப்பு எத்தனை அங்குலம் என்று அளந்து எழுதுங்கள். பக்கத்தில் தோட்டமே வராத மேடு, கோயில் மரத்தடி மாதிரி ஏதாவது இருந்தால் அங்கேயும் அளந்து ஒப்பிடுங்கள். அப்புறம் சுவரை நெருங்கிப் பாருங்கள்: அரிசி அளவுக் கரித் துணுக்குகள் ஒரே மட்டத்தில் கிடந்தால் அது காட்டை எரித்த நாளின் கரியாக இருக்கலாம். பால் மங்கின் (ரப்பர் பால் வடியக் கட்டும் கோப்பை) உடைந்த சில்லு கிடைத்தால் கழுவி, எந்த ஆழத்தில் கிடந்தது என்று குறித்துப் பத்திரமாக வையுங்கள். பீங்கான், கண்ணாடி, அலுமினியம், பிளாஸ்டிக் என்று மங்கு மாறிக்கொண்டே வந்தது, எது கிடைக்கிறது என்பதை வைத்துக் காலத்தைப் பேசலாம். கோலசிலாங்கூர் கடலோரம் என்பதால் உங்களுக்கு வேறு ஒன்றும் வரலாம். கீழே சாம்பல் நிறக் களி, அதில் வைக்கோல் மஞ்சளில் புள்ளிகள். கடல் சேற்றில் இருந்த கந்தகம், வடிகால் வெட்டிக் காற்றுப் பட்டதும் அமிலமாக மாறிய அடையாளம் அது. வாய்க்கால் வெட்டிச் சதுப்பைத் தோட்டமாக்கிய கதை முழுக்க அந்த மஞ்சளில் இருக்கிறது. கையோடு தோட்டத்தில் வேலை செய்த ஒரு பாட்டியையும் கூட்டிப்போங்கள். நிரை எந்தப் பக்கம் ஓடியது, பெரட்டுக் களம் (காலையில் ஆள் கணக்கெடுக்கும் இடம்) எங்கே இருந்தது, லயம் (தொழிலாளர் வரிசை வீடுகள்) எங்கே இருந்தது என்று அவர் கை காட்டுவார். ஆசிரியர் எத்தனை மதிப்பெண் போட்டார் என்று எனக்குத் தெரியப்படுத்துங்கள்.

கேள்வி: என் அம்மா தோட்டத்தில் மருந்து அடிக்கும் வேலை செய்தவர். தோட்டம் விற்றுப்போன பிறகு லயத்துக்குப் பக்கத்திலேயே எங்களுக்கு மனை கிடைத்தது. அங்கே கீரை போடலாம் என்று பார்க்கிறேன். அம்மா வேண்டாம் என்கிறார், காரணம் கேட்டால் சொல்வதில்லை. மருந்தெல்லாம் இத்தனை வருஷத்தில் கரைந்து போயிருக்காதா?
— வாசகி, பத்தாங் பெர்ஜுந்தை

எந்த மருந்து என்பதைப் பொறுத்தது, தங்கச்சி. அம்மாவின் பேச்சைத் தள்ளிவிடாதீர்கள்.

பாராகுவாட் என்ற களைக்கொல்லி என்றால், அது களிமண்ணில் ஒட்டிக்கொண்டுவிடும், வேர் வழியாகச் செடிக்குள் பெரும்பாலும் ஏறாது. அதன் ஆபத்து அடித்தவர்களுக்குத்தான் வந்தது, மண்ணில் நடுகிறவர்களுக்கு அவ்வளவு இல்லை. நகம் கழன்றது, மூக்கில் ரத்தம் வந்தது என்று சொல்லாத மருந்தடிப்புப் பெண் எங்கள் லயத்தில் இல்லை. என் அம்மாவும் அந்த வேலைதான் செய்தார். கையுறை கேட்டதற்கு ஒரு நிர்வாகம் அவர்களுக்குச் சொன்ன பதிலை இங்கே எழுத எனக்கு விருப்பமில்லை. இந்த நாட்டில் அது முழுமையாகத் தடையானது 2020-ல்தான். அத்தனை தாமதத்துக்கு என்னால் இன்னும் சமாதானம் ஆக முடியவில்லை.

அதற்கு முந்திய மருந்துதான் எனக்குக் கவலை. 1960-களில் பாராகுவாட் வருவதற்கு முன்னால், லாலானைக் கொல்லவும், மறுநடவுக்கு முன் பழைய ரப்பர் மரத்தைப் பட்டுப்போக வைக்கவும் சோடியம் ஆர்சனைட் பயன்படுத்தினார்கள். அதிலிருக்கிற ஆர்சனிக் ஒரு தனிமம். எத்தனை வருஷம் ஆனாலும் அது சிதைந்து வேறொன்றாகாது. மணலில் மழையோடு கீழே இறங்கும், செம்மண்ணில் இரும்போடு ஒட்டிக்கொண்டு அப்படியே இருக்கும். தோட்டத்துக்குள் பரவலாக அடித்த இடத்தில் இப்போது அளவு குறைவாக இருக்கலாம். மருந்து ஸ்டோர், டிரம் வைத்த இடம், தண்ணீர் சேர்த்துக் கலக்கிய இடம், பம்பு கழுவிய வாய்க்கால் ஓரம் என்றால் வேறு கதை. லயத்துக்குப் பக்கம் என்கிறீர்கள். இந்த இடங்கள் பெரும்பாலும் லயத்துக்கும் பெரட்டுக் களத்துக்கும் பக்கத்தில்தான் இருந்தன.

அதனால் இப்படிச் செய்யுங்கள். பரிசோதனை முடியும் வரை கீரையும் கிழங்கும் வேண்டாம், குழந்தைகள் அந்த மண்ணில் விளையாடவும் வேண்டாம். அங்கே பாஸ்பேட் உரம் போடாதீர்கள், அது மண் பிடித்து வைத்திருக்கும் ஆர்சனிக்கைத் தள்ளி வெளியே விடும். அம்மாவிடம் காரணம் கேட்காதீர்கள், இடம் கேளுங்கள்: எங்கே கலக்கினீர்கள், எங்கே கழுவினீர்கள் என்று. உள்ளங்கையிலும் பாதத்திலும் தோல் தடித்தோ புள்ளி விழுந்தோ இருக்கிறதா என்றும் பாருங்கள். இருந்தால் மருத்துவரிடம் போகும்போது என்ன வேலை, எந்தக் காலத்தில் செய்தார் என்பதைச் சேர்த்துச் சொல்லுங்கள். அவர்களே கேட்டு எழுதிக்கொள்வார்கள் என்று இருந்துவிடாதீர்கள்.

மண் எடுப்பது இப்படி: அம்மா காட்டிய இடத்தில் தனியாக, கீரை போட நினைக்கும் இடத்தில் தனியாக. ஒவ்வொன்றிலும் பத்துப் புள்ளிகளில் ஆறு அங்குல ஆழம் வரை தோண்டி, சுத்தமான பிளாஸ்டிக் வாளியில் கலந்து, அரைக் கிலோவை நிழலில் உலர்த்திப் பையில் கட்டுங்கள். விவசாய இலாகாவில் கொடுத்து எங்கே அனுப்புவது என்று கேளுங்கள். சாதாரண உரப் பரிசோதனையில் ஆர்சனிக் வராது, அதைத் தனியாகக் கேட்டு எழுதி வாங்க வேண்டும். முடிவு வந்ததும் காகிதத்தின் நகலை எனக்கு அனுப்புங்கள், எண்களை நான் படித்துச் சொல்கிறேன்.